கதவைச் சாத்துங்கோ, குளிர் வருது

“கொஞ்சம் உண்மையாகச் சொல்லு ஞானா, அவ்வளவுதான் கேட்கிறேன்” என்று ரெஜானின் குரல் ஹெட்போனுக்குள் வந்து விழுந்தது. உண்மையாக. ஞானசீலி மைக்குக்கு முன்னால் நின்றபடி அந்தச் சொல்லை வாய்க்குள் போட்டு ஒருதரம் மென்று பார்த்தாள், கல் கடிபட்டது. கண்ணாடிச் சுவருக்கு அந்தப் பக்கம் படத்தின் இயக்குநர் ரெஜான் தாடியைத் தடவிக்கொண்டு நின்றான், அவனுக்குப் பக்கத்தில் ஒலிப்பதிவுக்காரி மனோன் பொத்தான்களுக்கு மேல் குனிந்திருந்தாள். இந்தப் பக்கம் இவள் தனியே, ஐம்பத்தெட்டு வயது, காலையிலிருந்து நின்று நின்று குதிக்கால் விண்விண் என்று வலிக்க. எதிரே திரையில் அவளே இன்னொருத்தியாக நின்றாள், மீன் ஆலையின் வெள்ளை உடுப்போடு, ஊர்ச்சபைக் கூட்டத்தில் கதிரையை விட்டு எழுந்து வாயைத் திறக்கப்போகிற கணத்தில் நிறுத்தி வைக்கப்பட்ட முகம். திரைக்குக் கீழே ஒரு வெள்ளைப் பட்டை. படம் ஓடினால் பட்டையும் ஓடும், கையெழுத்தில் எழுதிய வசனம் வலமிருந்து இடமாக நகர்ந்து வரும், இடது ஓரத்துச் சிவப்புக் கோட்டை எழுத்து தொடுகிற அதே நொடியில் சொல் வாயிலிருந்து வரவேண்டும். பிரெஞ்சுப் படக்காரரின் வேலைமுறை இது. வாய் நீளத் திறக்கிற இடத்தில் எழுத்தும் சவ்வுமிட்டாய் மாதிரி இழுபட்டு நீளும், வாய் மூடுகிற இடத்தில் நெருங்கிப் போகும், பார்த்துப் பழகினால் தானாக வரும். கடற்கரையில் பிடித்த பத்து வசனங்களில் காற்று இரைந்திருந்தது, அந்தப் பத்தையும் மதியத்துக்கு முன்னமே சொல்லி முடித்துவிட்டாள். இது பதினோராவது. இதில் காற்றும் இல்லை, இரைச்சலும் இல்லை. மண்டபத்துக்குள் பிடித்த காட்சி, அன்று அவள் சொல்லி முடித்தபோது விளக்குப் பிடிக்கிறவன்கூடக் கையைத் தட்டினான். முப்பது வருசமாக உங்கள் மீனை வெட்டியிருக்கிறேன், இன்னமும் என்னை எந்த ஊர் என்றுதான் கேட்கிறீர்கள். இவ்வளவுதான் வசனம். அவள் எழுதிய வசனம், அவள் எழுதிய படம், இருபத்தேழு வருடமாக மற்றவர்கள் எழுதிக் கொடுத்ததைச் சொல்லிக்கொண்டு திரிந்தவள் முதன்முதலாக எழுதிய படம். அதை உண்மையாகச் சொல்லட்டாம்.

பாரிஸில் ஒருத்தன் இருக்கிறான். பெயர்கூடத் தெரியாது, படத்தை வாங்கிப் பிரான்ஸ் முழுக்கக் காட்டுகிறவன், அவன் பார்த்துவிட்டு எல்லாம் நல்லாயிருக்கிறது என்று சொன்னானாம், ஒன்றே ஒன்றைத் தவிர. அந்தப் பெண்மணி ஏன் கனடாக் கரையில் பிறந்தவள் மாதிரிப் பேசுகிறாள்? நம்பும்படியாக இல்லை. முக்கியமான காட்சியிலாவது அவளுடைய சொந்த உச்சரிப்பில் பேசவைத்தால் நெஞ்சைத் தொடும். நெஞ்சைத் தொடுமாம்! இன்று பின்னேரத்துக்குள் திருத்திக் கொடுத்தால் வாங்குவான், இல்லாவிட்டால் வாங்கமாட்டான், பிறகு படம் இங்கே மொன்றியாலில் நாலு கொட்டகையில் இரண்டு கிழமை ஓடி அடங்கிப் போகும். அவன் சொல்வான், சொல்லட்டும், அவனுக்கு இவள் யார். ஆனால் அதைக் கொண்டுவந்து இவளிடம் சொல்ல ரெஜானுக்கு எப்படி வாய் வந்தது? இந்த ரெஜான்தான், பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால், அவனுடைய இரண்டாவது படம் பாரிஸில் ஓடியபோது திரைக்குக் கீழே பிரெஞ்சு எழுத்துப் போட்டார்கள் என்று கொதித்தான். பிரெஞ்சுப் படத்துக்குப் பிரெஞ்சு எழுத்து! அவன் கனடாவின் பிரெஞ்சுப் பகுதியில் வடக்கே ஏரிக்கரை ஊர்க்காரன், அவன் படத்தில் எல்லாரும் அந்த ஊர்ப் பேச்சுத்தான் பேசுவார்கள், பாரிஸ்காரருக்கு அது விளங்காதாம். அன்று படம் ஓடி முடிந்த விருந்தில் கையிலிருந்த கிளாஸைச் சுவரில் எறிந்தான். என் அம்மா பேசுகிற பேச்சுக்குக் கீழே அவன் எழுத்துப் போடுகிறான் ஞானா, என் அம்மா என்ன கடலுக்கடியிலா இருந்து பேசுகிறாள் என்று கேட்டுக் கேவிக்கேவி அழுதான், இவள்தான் முதுகைத் தடவிக்கொடுத்தாள், கண்ணாடித் துண்டுகளைக் குனிந்து பொறுக்கியதும் இவள்தான். அந்தப் படத்திலும் இவள் துப்புரவுக்காரியாகத்தான் நடித்திருந்தாள், பழக்கதோஷம். ஒரு கிழமை முழுக்க ரெஜான் பேட்டி கொடுத்தான், பத்திரிகையில், ரேடியோவில், எங்கள் நாக்கை எங்களிடமிருந்து பிடுங்குகிறார்கள் என்று. இன்றைக்கு அதே வாய். அவனுடைய அம்மாவின் பேச்சு பேச்சு, இவளுடைய பேச்சு நம்பும்படியாக இல்லை. “ஒருநிமிசம் தா” என்று மைக்கில் சொன்னாள். “எடுத்துக்கொள், எடுத்துக்கொள்” என்றான் ரெஜான், எதையோ பெரிதாகத் தானம் செய்கிறவன் போல.

சொந்த உச்சரிப்பு. எது சொந்தம்? குருநகரில் பிறந்த ஒருத்தியைக் கலியாணம் முடிந்த எட்டாம் மாதம் சண்டை கப்பலேற்றியது, கனடாவின் காஸ்பே கரையில் ஒரு சின்னக் கோயில்பற்று அவளையும் புருசனையும் பொறுப்பெடுத்தது, யாழ்ப்பாணத்துக் கத்தோலிக்கர் என்றதும் பாதிரியாருக்கு அவ்வளவு சந்தோசம், நம் ஆட்கள் வருகிறார்கள் என்று பூசையில் அறிவித்தாராம். அவளுக்கு அப்போது இருபத்திரண்டு. மீன் ஆலையில் நீள மேசை, இரண்டு பக்கமும் ஆறு ஆறு பெண்கள், நடுவில் ஓடுகிற தண்ணீரில் கொட் மீன், கத்தி, ஐஸ், கை விறைத்து யாருடைய கையோ போலாகிவிடும். அவளுக்கு எதிரே ஒதெத். அறுபது வயது, வாயில் பல் பாதிதான், பேச்சு மட்டும் குறையவே குறையாது. காலை ஏழு மணிக்குத் தொடங்கினால் மாலை மூன்று வரை, யாருடைய புருசன் யாரோடு, எந்தக் குழந்தைக்கு என்ன சுகமில்லை, வானிலை, பாதிரியாரின் மூல வருத்தம். ஞானசீலி வகுப்பு என்று ஒன்றுக்கும் போகவில்லை, ஒதெத்தின் வாயைப் பார்த்தாள், அவ்வளவுதான். பிழையாகச் சொன்னால் ஒதெத் மீன்வாலால் கையில் ஒரு தட்டுத் தட்டுவாள். இரண்டாவது குளிர்காலத்தில் ஒருநாள் இவள் ஏதோ சொல்ல மேசை முழுக்க விழுந்து விழுந்து சிரித்தது, பிழையாகச் சொன்னதால் இல்லை, அச்சாக ஒதெத் மாதிரியே சொன்னதால், ஒதெத்துக்கு ஒரே பெருமை, பாருங்களடி என் மகள் பேசுகிற பேச்சை என்றாள். மூக்கால் இழுத்து, முடிவைக் கடித்து விழுங்கி, கடற்காற்றில் கத்திப் பேசியே வளர்ந்தவர்களின் பேச்சு. அது இவளுடையதில்லையா? ஆறு வருடம் கை விறைக்க விறைக்க உழைத்து எடுத்தது இவளுடையதில்லை என்றால் பிறகு எதுதான் இவளுடையது? குருநகரில் அவளுக்குப் பிரெஞ்சே தெரியாது. இல்லாத பிரெஞ்சுக்கு என்ன சொந்த உச்சரிப்பு? பாரிஸ்காரன் கேட்கிற அந்த உச்சரிப்பு அவளிடம் ஒருநாளும் இருந்ததில்லை. அது இருந்தது சவிரிமுத்துவிடம்.

அங்கேதான் போய் முட்டும். எங்கே தொடங்கினாலும், எந்தப் பக்கத்தால் சுற்றிப் போனாலும், கடைசியில் அந்த இடத்தில்தான் போய் முட்டும், இருபத்தேழு வருடமாக. ஞானசீலி தண்ணீர்ப் போத்தலைத் திறந்தாள், குடிக்காமல் மூடினாள். சவிரிமுத்து, அவள் புருசன், அவளைவிட ஒன்பது வயது மூப்பு. காஸ்பேயில் அவனுக்கு வேலை படகு இயந்திரம் திருத்துகிற கொட்டிலில், நாள் முழுக்க இரைச்சல், பேசுவதற்கு ஆளில்லை. அவனுக்கு ஒதெத் கிடைக்கவில்லை. வானொலியைக் கேட்டும் அகராதியைப் பார்த்தும் ஒவ்வொரு சொல்லாகப் பொறுக்கினான், பொறுக்கிய சொல்லைத் தமிழ் வாயால் ஒவ்வொன்றாக, கவனமாக, படிக்கட்டில் கிழவர் இறங்குகிற மாதிரி அடியெடுத்துச் சொல்வான். மீன் வராமல் போய் ஆலை மூடியபிறகு இருவரும் மொன்றியாலுக்கு வந்தார்கள். மூன்றாம் மாடியில் வீடு, கதவு சரியாகப் பொருந்தாது, யார் வந்தாலும் திறந்தபடி நின்று கதைப்பார்கள். சவிரிமுத்து எழும்பி வந்து மரியாதையாகச் சொல்வான், பெர்மே லா போர்த்து, லெ பிறுவா ராந்திரு. கதவைச் சாத்துங்கோ, குளிர் வருது. பிரெஞ்சின் ஃபகரம் அவன் வாயில் பகரமாகிவிடும், நாளுக்கு ஐந்து தரமாவது சொல்வான். வந்த மூன்றாம் வருடம் பத்திரிகையில் ஒரு விளம்பரம், வெளிநாட்டுத் தோற்றமுள்ள பெண் தேவை, வயது முப்பது முப்பத்தைந்து, மூலைக்கடைக்காரி வேடம், நகைச்சுவை. அவள் மாலை நாடக வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்த காலம். போனாள். ஆளெடுக்கிற பெண் ஒருத்தி நாலு கேள்வி கேட்டாள், இவள் பதில் சொன்னாள், அந்தப் பெண்ணின் முகம் தொங்கிப் போனது. அடடா, நீ காஸ்பேக்காரி மாதிரிப் பேசுகிறாயே, அது வேண்டாம், உன் உண்மையான உச்சரிப்பில் பேசு. உண்மையான! அன்றைக்கும் அதே சொல். வாசலில் இன்னும் பதினைந்து பேர் கதிரையில் காத்திருந்தார்கள், ஒருத்தியாவது இதைவிட நன்றாக நடித்துவிடுவாள் என்ற பயம், நாளைக்குத் திரும்பவும் துணி வெளுக்கிற ஆலைக்குப் போகவேண்டும் என்ற நினைப்பு. அவள் யோசிக்கக்கூட இல்லை. யோசித்தேன் என்று பிறகு எத்தனையோ தரம் தனக்குள் சொல்லிப் பார்த்திருக்கிறாள், இல்லை, யோசிக்கவில்லை, வாயைத் திறந்தாள், சவிரிமுத்து வந்தான். கதவைச் சாத்துங்கோ, குளிர் வருது. அதே அடியெடுத்து வைக்கிற பேச்சு, அதே பிறுவா. அந்தப் பெண் மேசையில் தலையை வைத்துச் சிரித்தாள். இதை அப்படியே படத்தில் போடுவோம் என்றாள்.

ஏழு இடத்தில் போட்டார்கள். கடைக்காரி கதவைத் திறக்கிற ஒவ்வொருவனிடமும் அதைச் சொன்னாள், ஒவ்வொரு தரமும் கொட்டகை குலுங்கியது. முதல் நாள் காட்சிக்குச் சவிரிமுத்து கலியாணக் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்திருந்தான், பெருமையாக, முன்வரிசையில், இவளுக்குப் பக்கத்தில். முதல் தரம் திரையில் அந்த வசனம் வந்தபோது அவனும் மற்றவர்களோடு சேர்ந்து சிரிக்கத் தொடங்கினான், தொடங்கிய சிரிப்புப் பாதியில் நின்றது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை. கண்ணின் ஓரத்தால் அவனுடைய கை முழங்காலில் இருந்தது தெரிந்தது, அது அப்படியே இருந்தது, இன்னும் ஆறு தரம் சனம் சிரித்தது, கை அசையவில்லை. வீட்டுக்கு வந்து கோட்டைக் கழற்றிக் கொழுவினான், கை கழுவினான், சாப்பிட இருந்தான். நல்லாச் செய்தனீர் என்றான். அவ்வளவுதான். கோபித்திருந்தால், ஒரு கோப்பையையாவது போட்டு உடைத்திருந்தால் அவள் காலில் விழுந்து அழுதிருப்பாள். நல்லாச் செய்தனீர் என்றால் அதற்கு என்ன பதில்? பிறகு தை மாதத்தில் ஒருநாள் இருவரும் பஸ்ஸில் ஏறினார்கள், சவிரிமுத்து சாரதியிடம் எந்த இடத்தில் இறங்கவேண்டும் என்று கேட்டான், சாரதி அவன் வாயைப் பார்த்தான், முகம் மலர்ந்தது, பெர்மே லா போர்த்து என்று உரக்கச் சொன்னான், முன்னால் இருந்தவர்கள் எல்லாரும் கொல்லென்று சிரித்தார்கள். இவளை ஒருவருக்கும் அடையாளம் தெரியவில்லை, கம்பளித் தொப்பியும் கழுத்துச் சால்வையும். சவிரிமுத்துவும் சிரித்தான். பண்பானவன், பிறர் சிரிக்கும்போது சிரித்துவிடுவான். அன்றிலிருந்து அவன் பிரெஞ்சு பேசவில்லை. கடையில் விரலால் காட்டினான், டாக்டரிடம் இவளைக் கூட்டிக்கொண்டு போனான், கோயில் மண்டபம் கூட்டுகிற வேலையில் தலையாட்டுவதே போதுமாக இருந்தது, கதவு திறந்து கிடந்தால் பேசாமல் எழும்பிப் போய்த் தானே சாத்தினான். டெலிபோன் அடித்தால் எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு ஒன்றும் சொல்லாமல் நிற்பான், எதிர்ப்பக்கம் தமிழா பிரெஞ்சா என்று தெரியும்வரை மூச்சு மட்டும் கேட்கும். இருபத்தேழு வருடம். ஒருதரமாவது அவள் அதைப் பற்றிப் பேசினாளா? இல்லை. அவனாவது? இல்லை.

அதற்குப் பிறகு எத்தனை படம், எல்லாவற்றிலும் ஒரு ஏப்ரன். ஆஸ்பத்திரி ஆயா, பாதிரியார் வீட்டுச் சமையற்காரி, குற்றவாளியின் தாய், அழுகிறவள், இன்னொரு துப்புரவுக்காரி, கடைசியில் பெயர்ப்பட்டியலில் ‘அயலவள் 2’. எல்லாருக்கும் சவிரிமுத்துவின் வாய். ஒவ்வொரு இயக்குநரும் முதல் நாள் அவள் சாதாரணமாகப் பேசுவதைக் கேட்டுத் திடுக்கிட்டு, பிறகு தோளில் தட்டி, கமெரா ஓடும்போது பார்த்துக்கொள்வாய்தானே என்பார்கள். பார்த்துக்கொண்டாள். வீட்டு வாடகையையும் மருந்தையும் அந்த வாய்தான் பார்த்துக்கொண்டது, அதையும் சொல்லத்தானே வேண்டும். அதனால்தான் எழுதத் தொடங்கினாள். மேக்கப் அறைகளில் மணிக்கணக்காகக் காத்திருக்கிற நேரத்தில், அழைப்புத் தாளின் பின்பக்கத்தில், ஒதெத்தின் பிரெஞ்சில். தாளில் ஒருவரும் உச்சரிப்புக் கேட்கமாட்டார்கள் என்று நினைத்தாள், எவ்வளவு மடைத்தனம். சிறுகதைப் புத்தகம் வந்தபோது ஒரு பத்திரிகை பாராட்டி எழுதியது, ஆச்சரியப்படும்படி சரளமான நடை என்று. யாருக்கு ஆச்சரியம்? முப்பது வருடம் ஒரு ஊரில் சோறு தின்றவள் அந்த ஊர்ப் பேச்சை எழுதினால் என்ன ஆச்சரியம், ஆச்சரியப்பட்டவனுக்கல்லவா மருத்துவம் பார்க்கவேண்டும்! ரெஜான் மட்டும்தான் அந்தப் புத்தகத்தைப் படித்துவிட்டு, இதில் ஒருத்தி மீன் வெட்டுகிறாளே, அவள் எங்கள் பெரியம்மா மாதிரிப் பேசுகிறாள், அவளை வைத்து ஒரு படம் எழுது என்று சொன்னான். அதைச் சொன்னவன்தான் இவன். நாலு வருடம் எழுதினாள், குசினி மேசையில், வாய்விட்டுச் சொல்லிச் சொல்லிப் பார்த்து. சவிரிமுத்து பக்கத்தில் வெங்காயம் உரித்துக்கொண்டிருப்பான், கேட்கிறானா கேட்கவில்லையா என்று தெரியாது. இந்தப் பதினோராவது வசனத்தை எழுதிய அன்று அவன் கத்தியை வைத்துவிட்டு ஒருநிமிசம் அவளைப் பார்த்தான், பிறகு திரும்ப உரித்தான். அந்தப் பார்வைக்கு என்ன பொருள் என்று அன்றைக்கே கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. கேட்டால் எது வெளியே வருமோ என்று பயம், வேறொன்றுமில்லை, வெறும் பயம், கமெராவுக்கு முன்னால் எதையும் செய்கிற பொம்பிளைக்குத் தன் வீட்டுக் குசினியில் நடுக்கம்.

“தயாரா?” என்றான் ரெஜான். மனோன் பொத்தானை அழுத்தினாள், திரையில் அந்தப் பெண்ணுக்கு உயிர் வந்தது, பட்டை நகரத் தொடங்கியது, வெறும் வெள்ளை, இன்னும் வெள்ளை, பிறகு வலது ஓரத்தில் முதல் எழுத்து தலைகாட்டியது. முப்பது வருசமாக. அது வருகிறது. இருபத்தேழு வருடமாக அவளுக்கு இது தண்ணீர் பட்ட பாடு, வாய் தானாகத் தயாரானது, உதடு ஒடுங்கியது, நாக்கு மேலே மடிந்தது, தொண்டைக்குள் சவிரிமுத்து கலியாணக் கோட்டோடு எழும்பி நின்றான். அடியெடுத்து வைக்கத் தயாராக. சொல்லிவிட்டால் முடிந்தது, ஆறு செக்கன், பிரான்ஸ் முழுக்கக் கொட்டகைகள், பெரிய எழுத்தில் அவள் பெயர், அடுத்த படம் எழுத யாராவது கூப்பிடுவார்கள், ஐம்பத்தெட்டு வயதில் இன்னொரு படம் எப்போது கிடைக்கும்? ஆனால் இதற்கும் சிரிப்பார்கள். இல்லை, இதற்குச் சிரிக்கமாட்டார்கள், அதைவிட மோசம், பாவம் என்று சொல்லி அழுவார்கள். அவனைப் பார்த்துச் சிரித்தது போதாதென்று இனி அவனைப் பார்த்து அழவும் வேண்டுமா? எழுத்து சிவப்புக் கோட்டைத் தொட்டது. கோட்டைத் தாண்டியது. வசனம் முழுவதும் ஒன்றன்பின் ஒன்றாகக் கோட்டைத் தாண்டிப் போய் மறைந்தது, திரையில் அந்தப் பெண் சத்தமில்லாமல் வாயைத் திறந்து திறந்து மூடினாள். பட்டை வெள்ளையாயிற்று. “தவறவிட்டுட்டாய், பரவாயில்லை, இன்னொரு தரம்” என்றான் ரெஜான். “தவறவிடேல்லை” என்று அவளுக்கு முதலில் தமிழில்தான் வந்தது. பிறகு ஒதெத்தின் பிரெஞ்சில் சொன்னாள், மூக்கால் இழுத்து, முடிவைக் கடித்து: “தவறவிடவில்லை ரெஜான். சொல்லமாட்டேன்.” அவன் கண்ணாடிக்குப் பக்கத்தில் வந்தான். “ஒரு வசனம் ஞானா! எத்தனையோ படத்தில் செய்திருக்கிறாய், இதிலென்ன?” “அதெல்லாம் களவு. அந்தப் பேச்சுக்குச் சொந்தக்காரன் ஒருத்தன் இருக்கிறான், அவனைக் கேட்காமல் எடுத்தேன்.” ரெஜானுக்கு விளங்கவில்லை. விளங்காவிட்டால் போகட்டும். “உன் அம்மா பேசினதுக்குக் கீழே எழுத்துப் போட்டபோது நீ கிளாஸை எறிந்தாய், ஞாபகம் இருக்கிறதா? கண்ணாடித் துண்டைப் பொறுக்கினது நான். என்னுடைய தாய் மாதிரி ஒருத்தி எனக்கு இந்தப் பேச்சைத் தந்தாள், அவளுடைய வாயை மூடிவிட்டுப் படம் விற்க வேண்டாம்.” அவன் முகத்தில் ஈயாடவில்லை. மெதுவாக, “வேறு ஆளை வைத்துச் சொல்ல வைக்கலாம், நாடகப் பள்ளிப் பிள்ளைகள் இருக்கிறார்கள்” என்றான். “என்னுடைய கையெழுத்து இல்லாமல் என் வாயில் வேறு குரலை வைக்கமுடியாது, ஒப்பந்தத்தில் இருக்கிறது, படித்துப் பார். கையெழுத்து வைக்கமாட்டேன்.” மனோன் இதுவரை ஒரு சொல்லும் பேசாதவள், பொத்தான்களைப் பார்த்தபடியே, “அன்றைக்கு மண்டபத்தில் பதிந்ததே நல்லாத்தான் இருக்கிறது, நான் அதையே வைக்கிறேன்” என்றாள். ரெஜான் கையை விரித்தான். பாரிஸுக்கு அவன்தான் சொல்லவேண்டும், சொல்லட்டும்.

ஹெட்போனைக் கழற்றிக் கொழுவிவிட்டு ஞானசீலி வெளியே வந்தாள். கோபம்தான், வேறு ஒன்றுமில்லை என்று தனக்குச் சொல்லிக்கொண்டு இரண்டு மாடி இறங்கினாள். ஓரிடத்தில் நின்று யோசித்தால் துணிவு போய்விடும் என்று தெரியும். கீழ்வாசலின் பெரிய இரும்புக் கதவைத் தோளால் தள்ளித் திறந்து, அதில் சாய்ந்து நின்றபடி டெலிபோனை எடுத்து வீட்டுக்கு அடித்தாள். தெருவில் மாசி மாதத்து வெயில், வெயில் மாதிரித் தெரியும், காற்று முகத்தை அறுத்தது. மூன்று தரம் அடித்தது. எடுத்தான். பேசவில்லை. மூச்சு மட்டும்.

“இஞ்சேருங்கோ, நான்தான்.”

“முடிஞ்சுதே?” என்றான் சவிரிமுத்து.

“முடிஞ்சுது. படம் பாரிஸுக்குப் போகாது. உங்களை மாதிரிக் கதைக்கச் சொன்னவங்கள். நான் மாட்டனெண்டிட்டன்.” டெலிபோனை மற்றக் காதுக்கு மாற்றினாள். “அண்டைக்கு முதல் படத்தில நான் எடுத்தது உங்கட பேச்சை. உங்களிட்டக் கேக்கேல்லை. அதுக்குப் பிறகும் ஒவ்வொரு படத்திலயும் எடுத்தனான்.”

“தெரியும்” என்றான். பிறகு, “இப்ப ஏன் சொல்லுறீர்? இருவத்தேழு வரியம்.” குரல் உயரவில்லை, ஆனால் அந்த இருபத்தேழு அவள் காதில் அறைந்தது. அவனும் எண்ணிக்கொண்டுதான் இருந்திருக்கிறான்.

“சொல்லப் பயமாயிருந்தது.”

காற்று ஒருதரம் ஊளையிட்டுக்கொண்டு வாசலுக்குள் புகுந்தது. “எங்க நிக்கிறீர்? ஒரே இரைச்சலாக் கிடக்கு” என்றான்.

“வாசல்ல. கதவு திறந்திருக்கு.”

அவன் தொண்டையைச் செருமினான். பிறகு அவள் கேட்டாள், இருபத்தேழு வருடத்துக்குப் பிறகு, அவளுடைய வாயிலிருந்து அல்ல, திரையிலிருந்து அல்ல, அவனுடைய வாயிலிருந்து, ஒவ்வொரு சொல்லாக, கவனமாக, அடியெடுத்து: “பெர்மே லா போர்த்து. லெ பிறுவா ராந்திரு.”

“இதில சிரிக்கிறதுக்கு என்ன இருக்கு?” என்று கேட்டான். “சொல்லும் பாப்பம், என்ன இருக்கு?”

ஞானசீலி உள்ளே வந்து கதவைச் சாத்தினாள்.